அண்மைக்காலம்தான் காலியாக இருந்தது: ஒரு வீட்டுப் பதிவுத் தொகுப்பை மீட்ட நிகழ்வு ஆய்வு

பின்னணி

ஒரு குடும்பத்தின் ஒலி, ஒளிப் பதிவுகளை மீட்ட வேலையின் பதிவு இது. குடும்பப் பெரியவர் அலுவலக ஊழியராக இருந்து ஓய்வு பெற்றவர். ஊடகத் துறைக்கும் அவருக்கும் எந்தத் தொடர்பும் இல்லை. ஆனால் 1970களின் கடைசியில் தொடங்கி, வானொலியிலும் தொலைக்காட்சியிலும் பிடித்ததையெல்லாம் பதிந்து வைத்துக்கொண்டே வந்திருக்கிறார். அவர் இறந்தபின் வீட்டைக் காலி செய்ய வேண்டியதாயிற்று. பழைய டேப்புகளை டிஜிட்டலாக மாற்றித் தரும் எங்கள் சிறிய தன்னார்வக் குழுவை மூத்த மகள் அணுகினார்.

தம்பிக்கு இதில் அவ்வளவு நம்பிக்கை இல்லை. "அப்பா பதிஞ்சதெல்லாம் இப்ப நெட்லயே கிடைக்குதே அக்கா, இடத்தை அடைச்சுக்கிட்டு இது எதுக்கு?" என்று கேட்டார். நியாயமான கேள்விதான். நாங்கள் எடுத்த பல முடிவுகள் அந்தக் கேள்விக்குப் பதில் தேடப்போய் எடுத்தவை. மூன்றாவதாக, மகளின் பெண். கல்லூரி மாணவி. வேலை முடியும்வரை எங்களோடு உட்கார்ந்து பட்டியல் எழுதியவர் அவர்தான்.

வீட்டில் தனி ஒருவர் இப்படிப் பதிந்து வைப்பது என்பதே அதிகப் பழமையான வழக்கம் இல்லை. கையடக்க ஆடியோ கேசட்டை பிலிப்ஸ் நிறுவனம் 1963இல் பெர்லின் வானொலிக் கண்காட்சியில் அறிமுகப்படுத்தியது. முதலில் பேச்சைப் பதிய உதவும் என்றுதான் நினைத்தார்கள், பாட்டெல்லாம் பிறகுதான் வந்தது. வீட்டு வீடியோவில் சோனியின் பீட்டாமேக்ஸ் 1975இலும் ஜேவிசியின் விஎச்எஸ் 1976இலும் வந்தன. அதற்கு முன் ஒளிபரப்பாகி முடிந்த நிகழ்ச்சி பார்த்தவருக்கு நினைவில் மட்டும்தான் இருக்கும். ஒளிபரப்பிய நிறுவனங்களே கூட டேப் விலை அதிகம் என்று பழையதை அழித்து அதன்மேல் புதியதைப் பதிந்தன. பிபிசியின் 'டாக்டர் ஹூ' தொடரில் 1960களின் அத்தியாயங்கள் 90க்கும் மேல் இப்படித்தான் போயின. படம் போனாலும் அவற்றின் ஒலி முழுக்க இன்றும் இருக்கிறது. காரணம், அந்தக் காலத்து நேயர்கள் சிலர் வீட்டில் தொலைக்காட்சி ஓடும்போதே ஒலியைப் பதிந்து வைத்திருந்தார்கள். தம்பியின் கேள்விக்கு நாங்கள் முதலில் சொன்ன பதில் இந்தச் செய்திதான்.

முதல் பார்வையில் கண்டவை

தொகுப்பு ஒரே அலமாரியில், ஒன்றின் முன் ஒன்றாக அடுக்கியிருந்தது. பின்வரிசையில் ஆடியோ கேசட்டுகள், அவற்றுக்கு முன்னால் விஎச்எஸ் கேசட்டுகள், அப்புறம் கடையில் வாங்கிய சிடிகள், வீட்டிலேயே எழுதிய சிடிகளும் டிவிடிகளும். ஒரு இழுப்பறையில் இரண்டு ஹார்ட் டிஸ்க்குகளும் பழைய செல்போன்களும் கிடந்தன. இவற்றோடு நோட்டுப் புத்தகங்களும் இருந்தன. ஒவ்வொரு கேசட்டுக்கும் ஓர் எண், தேதி, நிலையத்தின் பெயர், நிகழ்ச்சி. சில இடங்களில் "மழை, சிக்னல் சரியில்லை", "பாதியில் கரண்ட் போய்விட்டது" போன்ற குறிப்புகள். ஆவணக் காப்பகங்களே பொறாமைப்படும் அளவுக்கு ஒழுங்கு.

நிலைமையைச் சோதித்தபோது நாங்கள் எதிர்பார்த்ததற்கு நேர்மாறான ஒரு போக்கு தெரிந்தது. மிகப் பழைய ஆடியோ கேசட்டுகள் பெரும்பாலும் நன்றாகவே இருந்தன. சிலவற்றில் டேப்பை, அதைப் படிக்கும் ஹெட்டோடு அழுத்திப் பிடிக்கும் சிறிய பஞ்சுத் துண்டு கழன்று விழுந்திருந்தது. டேப்பை வேறு கூட்டுக்குள் மாற்றினால் சரியாகிவிடும். விஎச்எஸ் கேசட்டுகளில் ஒரு பகுதிக்கு வெள்ளைப் பூஞ்சை பிடித்திருந்தது. இரண்டாயிரத்துக்குப் பின் வீட்டில் எழுதிய டிவிடிகளில் பல படிக்கவே இல்லை. வீட்டில் எழுதும் வட்டுகளில் தகவலைத் தாங்குவது ஒரு சாயப்படலம்தான், வெப்பமும் வெளிச்சமும் அதைக் கெடுக்கும். ஹார்ட் டிஸ்க்குகளில் ஒன்று சுழலவே இல்லை.

நோட்டுகளில் இருந்ததையும் அலமாரியில் இருந்ததையும் மாணவி ஆண்டு வாரியாக அடுக்கினார். 1980களின் நடுவிலிருந்து 1990களின் கடைசி வரை பக்கம் பக்கமாக வந்தது. அப்புறம் மெலிந்தது. கடைசிப் பல ஆண்டுகளுக்கு ஒரு வரிகூட இல்லை. ஆனால் குடும்பத்தார் சொன்னதோ வேறு: பெரியவர் மிக அதிகமாகப் பாட்டுக் கேட்டதும் படம் பார்த்ததும் அந்தக் கடைசி ஆண்டுகளில்தான், கையில் போனோடு, காதில் ஹெட்போனோடு.

இந்த வெற்றிடத்தைத்தான் நாங்கள் ஆய்வின் மையமாக எடுத்துக்கொண்டோம்.

முடிவு 1: எதை முதலில் எடுப்பது

பழையதிலிருந்து தொடங்குவதுதான் எல்லாருக்கும் தோன்றும் வழி. அப்படிச் செய்யவில்லை. இரண்டு கேள்விகளை வைத்து வரிசை போட்டோம். இது சீக்கிரம் கெட்டுப்போகுமா? இது வேறெங்காவது கிடைக்குமா?

இரண்டாவது கேள்விக்குத் தம்பியையே துணைக்கு அழைத்தோம். நோட்டிலிருந்து பல வகை நிகழ்ச்சிகளைப் பொறுக்கி ஒரு மாதிரிப் பட்டியல் செய்து, இணையத்தில் தேடிப் பார்க்கச் சொன்னோம். திரைப்படங்களும் வெளியான பாடல்களும் ஏறக்குறைய எல்லாமே கிடைத்தன. அவர் சொன்னது அதுவரை சரிதான். வானொலி நேர்காணல்கள், நேயர் கடிதங்களுக்குப் பதில் சொல்லும் நிகழ்ச்சிகள், விளையாட்டு வர்ணனைகள், வினாடி வினா, நிலைய அறிவிப்புகள், விளம்பரங்கள் ஆகியவற்றில் கிட்டத்தட்ட எதுவுமே கிடைக்கவில்லை. அதற்குப் பிறகு அவர் எதிர்ப்புச் சொல்லவில்லை. வாங்கிய சிடிகளையும் கடையில் வாங்கிய கேசட்டுகளையும் கடைசிக்குத் தள்ளினோம். வீட்டில் எழுதிய வட்டுகளையும் ஓடிக்கொண்டிருந்த ஹார்ட் டிஸ்க்கையும் உடனே நகல் எடுத்தோம். புதியவை என்பதால் பத்திரமாக இருக்கும் என்று விட்டிருந்தால் இன்னும் சில போயிருக்கும்.

முடிவு 2: எந்தத் தரத்தில்

ஒலிக் காப்பகங்களின் பன்னாட்டுச் சங்கமான ஐஏஎஸ்ஏ, அனலாக் ஒலிப் பதிவுகளைக் குறைந்தது 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் தரத்தில் சுருக்காமல் எடுக்கப் பரிந்துரைக்கிறது (ஒலியை நொடிக்கு எத்தனை முறை, எவ்வளவு நுணுக்கமாக அளக்கிறோம் என்பதைச் சொல்லும் எண்கள் இவை). காப்பகங்களில் பரவலாக இருப்பது 96 கிலோஹெர்ட்ஸ், 24 பிட். அதையே பின்பற்றினோம். அந்தத் தரத்தில் ஸ்டீரியோவாக எடுத்தால் ஒரு மணி நேரம் சுமார் 2 ஜிபி வரும். 128 கேபிபிஎஸ் எம்பி3யாக எடுத்தால் 60 எம்பிகூட வராது. "காதுக்கு வித்தியாசம் தெரியுமா?" என்று தம்பி கேட்டார். இன்று கேட்க எம்பி3 போதும். ஆனால் டேப்பை இன்னொரு முறை ஓட்ட முடியுமா என்பதற்கு உத்தரவாதம் இல்லை. எடுக்கும்போதே முழுதாக எடுத்துவிட்டால் சிறிய கோப்புகளை எப்போது வேண்டுமானாலும் செய்துகொள்ளலாம்.

வேலை மெதுவாகத்தான் நகர்ந்தது. 90 நிமிட கேசட்டுக்கு 90 நிமிடம் உட்கார்ந்தே ஆக வேண்டும், வேகமாக ஓட்டி எடுக்க வழியில்லை. ஒவ்வொரு கேசட்டுக்கும் ஹெட்டின் சாய்வைச் சற்றே திருப்பி, ஒலி தெளிவாக விழும் இடத்தைப் பிடிக்க வேண்டும். பதிந்த கருவியின் ஹெட் எந்தக் கோணத்தில் இருந்ததோ அதே கோணம் இல்லையென்றால் மேல்சுரங்கள் மங்கிவிடும்.

வீடியோவில் கருவிதான் பிரச்சினை. விஎச்எஸ் கருவிகளைக் கடைசிவரை தயாரித்துக்கொண்டிருந்த ஜப்பானின் ஃபுனாய் நிறுவனம் 2016 ஜூலையோடு நிறுத்திவிட்டது. இப்போது ஒரு கருவி பழுதானால் இன்னொரு பழைய கருவியைப் பிரித்துத்தான் பாகம் எடுக்க வேண்டும். அதனால் பூஞ்சை பிடித்த கேசட்டுகளை வேலை செய்யும் கருவியில் போடவே கூடாது என்று முடிவெடுத்தோம். பூஞ்சைத் தூள் ஹெட்டில் ஒட்டி அடுத்த கேசட்டுக்கும் பரவும். அவற்றைத் தனிப் பெட்டியில் மூடி, உலர்ந்த இடத்தில் வைத்தோம்.

இன்னொரு சிக்கல், பெரியவர் கேசட்டை மிச்சப்படுத்தப் பல நிகழ்ச்சிகளை எல்பி முறையில், அதாவது பாதி வேகத்தில் பதிந்திருந்தார். மூன்று மணி நேர கேசட்டில் ஆறு மணி நேரம் பிடிக்கும். படம் அந்த அளவுக்குத் தேயும், வேறு கருவியில் ஓட்டினால் ஆடும். ஒரு நிகழ்ச்சியைப் பிடித்து வைப்பதே பெரிய விஷயமாக இருந்த காலத்தில் அவர் தரத்தை விட்டுக்கொடுத்து அளவைத் தேர்ந்தெடுத்தார். அவர் செய்தது சரி என்றுதான் நான் நினைக்கிறேன்.

முடிவு 3: விளம்பரங்களை வெட்டாமல் விடுவது

இதில் குழுவுக்குள்ளேயே கருத்து வேறுபாடு. நிகழ்ச்சியை மட்டும் சுத்தமாக எடுத்துக் கொடுத்தால் குடும்பம் சந்தோஷப்படும் என்றார் ஒருவர். அப்படியே முழுதாக விட வேண்டும் என்றோம் மற்றவர்கள். கேசட்டில் என்ன இருக்கிறதோ அதுவே ஆவணம், பிடித்த பகுதியை யார் வேண்டுமானாலும் பிறகு வெட்டிக்கொள்ளலாம் என்பது எங்கள் வாதம். முழுதாகவே விட்டோம்.

பெரியவர் நேரில் உட்கார்ந்து பதிந்த கேசட்டுகளில் விளம்பரம் வந்தவுடன் நிறுத்தியிருக்கிறார். விரல் ஒரு நொடி தாமதித்த இடங்களில் மட்டும் விளம்பரத்தின் முதல் சொல்லோ கடைசி இசைத் துணுக்கோ மாட்டியிருக்கிறது. அலுவலகத்தில் இருந்த நேரங்களில் டைமர் வைத்துப் பதிந்தவை அப்படி இல்லை. நிகழ்ச்சிக்கு முந்தைய செய்தியின் வால், இடைவேளை, விளம்பரங்கள், "அடுத்து வருவது" அறிவிப்பு, கடிகாரம் என்று ஒரு மாலைப்பொழுதே அப்படியே இருந்தது. அவர் வேண்டாம் என்று ஒதுக்கியதெல்லாம் அவர் வீட்டில் இல்லாதபோது உள்ளே வந்துவிட்டது. மொத்தத் தொகுப்பிலும் அந்த டைமர் கேசட்டுகள்தான் மிகப் பெரிய பொக்கிஷம் என்பது என் தீர்மானமான கருத்து. எந்த வரிசையில், எந்த நேரத்தில், எதற்கு நடுவில் எதைப் பார்த்தோம் என்பது வேறு எங்கும் எழுதப்படவில்லை.

இப்படி டைமர் வைத்துப் பதிவது சட்டப்படி சரியா என்ற கேள்வியே ஒரு காலத்தில் அமெரிக்க உச்ச நீதிமன்றம் வரை போனது. பிறகு பார்ப்பதற்காக வீட்டில் பதிந்து வைப்பது நியாயமான பயன்பாடே என்று 1984இல் ஐந்துக்கு நான்கு என்ற பெரும்பான்மையில் தீர்ப்பு வந்தது. ஒரே ஒரு நீதிபதி மாற்றிச் சொல்லியிருந்தால் வீட்டு வீடியோத் தொழிலே வேறு பாதையில் போயிருக்கும்.

பதிப்புரிமை குறித்து நாங்கள் எடுத்த முடிவு எளிமையானது: எல்லாம் குடும்பத்துக்குள். இணையத்தில் எதையும் ஏற்றவில்லை.

கேட்டபோது தெரியவந்தவை

மிகப் பழைய கேசட்டுகள் வானொலிப் பெட்டிக்கு முன்னால் மைக்கை வைத்துப் பதிந்தவை. பாட்டோடு சேர்த்து வீடும் பதிந்திருக்கிறது. கதவு திறக்கிறது, பாத்திரம் விழுகிறது, யாரோ "உஷ், பதியறேன்" என்கிறார். மகளுக்கு அது தன் பாட்டியின் குரல் என்று அடையாளம் தெரிந்தது. பிறகு வீட்டுக்கு டூ-இன்-ஒன் வந்திருக்கிறது. வானொலியும் ரெக்கார்டரும் ஒரே பெட்டியில் இருப்பதால் ஒலி உள்ளேயே பதிந்துவிடும். அன்றிலிருந்து ஒலி சுத்தமாகிறது, வீட்டுச் சத்தம் ஒன்றுகூட இல்லை. நோட்டில் உள்ள தேதிகளை வைத்து அந்த மாற்றம் எந்த மாதத்தில் நடந்தது என்பதைக்கூடச் சொல்லிவிட முடிந்தது.

அடுத்தடுத்து வந்த ஒவ்வொரு கருவியும் இதையே இன்னும் ஒரு படி முன்னே தள்ளியிருக்கிறது. 1979இல் சோனி வாக்மேனை வெளியிட்ட பிறகு, கேட்பது அறையிலிருந்து ஒருவரின் காதுக்குப் போனது. வீடியோ வந்ததும் நேரம் நிலையத்தின் கையிலிருந்து நம் கைக்கு வந்தது. சிடி வந்ததும் நடுவில் உள்ள பாட்டுக்கு நேராகத் தாவ முடிந்தது. பெரியவரின் நோட்டிலும் இது தெரிகிறது. கேசட் காலத்தில் ஒரு பக்கத்தின் எல்லாப் பாடல்களையும் வரிசையாக எழுதியவர், சிடி காலத்தில் ஒவ்வொரு வட்டுக்கும் பிடித்த ஒன்றிரண்டை மட்டும் எழுதுகிறார். எம்பி3 வந்ததும் எழுதுவதே நின்றுபோகிறது.

மாணவி மிகவும் வியந்தது வேறொரு விஷயத்தில். ஒரு தொடரின் அத்தியாயம் முடிந்து, "அடுத்த வாரம் இதே நேரத்தில்" என்று அறிவிப்பு வருகிறது. "அந்த ஒரு வாரம் நீங்க எல்லாரும் என்னம்மா பண்ணுவீங்க?" என்று கேட்டார். அம்மாவும் மாமாவும் அந்தக் கேள்விக்கு வெகுநேரம் பேசினார்கள். அடுத்து என்ன நடக்கும் என்று பள்ளியில் கட்சி பிரிந்து சண்டை போட்டது, பார்க்கத் தவறியவர்களுக்குக் கதை சொன்னது, சொல்பவர் சேர்த்துவிட்ட பொய்கள். நாங்கள் அதையும் பதிந்து, அந்த வீடியோ கோப்போடு சேர்த்து வைத்திருக்கிறோம்.

கடைசி ஆண்டுகள் ஏன் காலி

யூடியூப் 2005இல் வந்தது. நெட்ஃபிளிக்ஸ் 2007இல் ஸ்ட்ரீமிங்கைத் தொடங்கியது. எல்லாம் எப்போதும் அங்கேயே இருக்கிறது என்றால் எதற்குப் பதிய வேண்டும்? பெரியவரும் அப்படித்தான் நினைத்திருக்க வேண்டும். நினைத்தாலும் பதிந்திருக்க முடியாது என்பது இன்னொரு பாதி. டேப் ரெக்கார்டரில் ஒரு சிவப்புப் பொத்தான் இருந்தது. ஸ்ட்ரீமிங் செயலியில் அது இல்லை. டவுன்லோடு என்று இருப்பதும் சந்தா இருக்கும்வரை, அந்தச் செயலிக்குள் மட்டும்தான். உரிம ஒப்பந்தம் முடிந்தால் படம் சொல்லாமல் கொள்ளாமல் பட்டியலிலிருந்து போய்விடும்.

மக்கள் தாங்களே ஏற்றி வைத்ததற்கும் இதே கதிதான். மைஸ்பேஸ் தளம் சர்வர் மாற்றும்போது பல ஆண்டுகளில் ஏற்றப்பட்ட பாடல்கள் அழிந்துவிட்டதை 2019இல் ஒப்புக்கொண்டது. அப்படிப் போனவை சுமார் 5 கோடிப் பாடல்கள் என்று கணக்கிட்டார்கள்.

ஆனால் எனக்கு இவற்றையெல்லாம்விடப் பெரிதாகப் படும் காரணம் ஒன்று உண்டு. டைமர் கேசட்டில் இருந்த மாலைப்பொழுது அன்று பார்த்த எல்லாருக்கும் பொதுவானது. இன்று செயலியைத் திறந்தால் வரும் முகப்பு ஆளுக்கு ஆள் வேறு, நேரத்துக்கு நேரம் வேறு. அதைப் பிடித்து வைக்க யாருக்கும் தோன்றாது. பெரியவருக்குக் கடைசி ஆண்டுகளில் அந்தத் திரை எதையெல்லாம் காட்டியது, அதிலிருந்து அவர் எதைத் தேர்ந்தார் என்பது அவரோடு போய்விட்டது.

கொஞ்சமாவது மீட்கலாம் என்று மாணவி முயன்றார். சில சேவைகள் பார்த்தவற்றின் பட்டியலை, தேதியோடு, கணக்கு வைத்திருப்பவருக்குத் தரும். ஆனால் சந்தாப் பணம் வீணாகிறதே என்று தம்பி அந்தக் கணக்குகளில் பெரும்பாலானவற்றை ஏற்கெனவே மூடிவிட்டிருந்தார். துக்க வீட்டில் எல்லாரும் செய்யும் வேலைதான் அது, அவரைக் குறை சொல்ல முடியாது. பாட்டுச் சேவையில் பெரியவர் பார்த்துப் பார்த்துச் சேர்த்த பட்டியல்கள் அதோடு போயின. மிஞ்சிய ஒரு கணக்கில் பட்டியல் கிடைத்தது. அதிலும் குடும்பம் முழுக்க ஒரே பெயரில் பார்த்திருந்ததால், எது தாத்தா பார்த்தது, எது பேரக்குழந்தைகள் பார்த்தது என்று பிரிக்க முடியவில்லை.

விளைவு

ஆடியோ கேசட்டுகளில் ஏறக்குறைய எல்லாவற்றையும் எடுத்துவிட்டோம். விஎச்எஸ்ஸில் பூஞ்சை இல்லாதவை முடிந்தன. பூஞ்சை பிடித்தவற்றை, அதற்கென்றே தனியாக ஒரு கருவி கிடைத்த பின், சுத்தம் செய்து ஒவ்வொன்றாக ஓட்டுகிறோம். அவற்றில் சில தேறாது. படிக்காத டிவிடிகளில் ஒரு பகுதியை வேறு வேறு டிரைவ்களில் போட்டுப் பார்த்து மீட்டோம், மீதி போனது போனதுதான். சுழலாத ஹார்ட் டிஸ்க்கைத் திறந்து பார்க்கும் வசதி எங்களிடம் இல்லை. அதற்கான நிபுணரிடம் கொடுக்கலாமா என்று குடும்பம் இன்னும் முடிவெடுக்கவில்லை.

கோப்புகள் மூன்று நகல்களாக, இரண்டு வகை ஊடகங்களில், ஒன்று மட்டும் வேறு வீட்டில் என்று வைக்கப்பட்டிருக்கின்றன. அந்த வேறு வீடு தம்பியுடையது. நோட்டுப் புத்தகங்களையும் பக்கம் பக்கமாகப் படமெடுத்துச் சேர்த்தோம். அசல் கேசட்டுகளைத் தூக்கிப் போடவில்லை.

அடுத்த முறை மாற்ற வேண்டியவை

குடும்பம் எங்களை அழைக்கும் முதல் நாளிலேயே, அலமாரியைப் பார்ப்பதற்கு முன், இணையக் கணக்குகளைப் பற்றிக் கேட்போம். எதை மூடுவதானாலும் அதற்கு முன் பட்டியல்களையும் பார்த்தவற்றின் வரலாற்றையும் இறக்கி வைக்கச் சொல்வோம். டேப் சில மாதம் காத்திருக்கும், மூடிய கணக்கு திரும்பாது.

டைமர் பதிவுகள் எவை என்று நோட்டைப் பார்த்து முதலிலேயே பிரித்து, நிகழ்ச்சியின் பெயர் எவ்வளவு சாதாரணமாக இருந்தாலும் அவற்றை முன்வரிசைக்குக் கொண்டுவருவோம். இந்த வேலையில் அவை நடுவில் எங்கோ கலந்து கிடந்தன. பூஞ்சை கேசட்டுகளுக்கான தனிக் கருவியையும் தொடக்கத்திலேயே ஏற்பாடு செய்துவிட வேண்டும். யுனெஸ்கோவின் 'எல்லாருக்கும் தகவல்' திட்டமும் ஐஏஎஸ்ஏவும் சேர்ந்து 2019இலேயே காந்த டேப்புகளுக்கு அபாய எச்சரிக்கை விடுத்துவிட்டன. ஓட்டும் கருவிகளும் பாகங்களும் தீர்ந்துவருவதால் 2025க்குள் மாற்றாதவை பெரும்பாலும் கைநழுவிப் போகும் என்பது அதன் சாரம். அந்த ஆண்டும் வந்துவிட்டதால், கருவி தேடுவதைத் தள்ளிப்போட இனி இடமில்லை.

குடும்பத்தாரைக் கேட்க வைத்து, அவர்கள் பேசுவதைப் பதிவதை நாங்கள் திட்டமிட்டுச் செய்யவில்லை, தற்செயலாகத்தான் தொடங்கியது. இனி அதை வேலையின் பகுதியாகவே வைத்துக்கொள்வோம். முக்கியமாகக் கடைசிப் பத்து, பதினைந்து ஆண்டுகளைப் பற்றி: அவர் எந்தச் செயலியில், எந்த நேரத்தில், யாரோடு, என்ன பார்த்தார் என்று. அந்த ஆண்டுகளுக்கு இப்போது இருக்கும் ஒரே ஆதாரம் கூட இருந்தவர்களின் வாய்மொழிதான்.